வீட்டுக்காரர் சொல்லாமல் உள்ளே வரலாமா?

தம்பி, ஸ்கார்பரோவில் பேஸ்மென்ட் எடுத்திருக்கிறேன், வேலைக்குப் போன நேரத்தில் வீட்டுக்காரர் தன்னிடமுள்ள சாவியால் திறந்து வந்து போகிறார், கேட்டால் ‘என்ர வீடுதானே’ என்கிறார், கனடாவில் இதுதான் வழக்கமா என்று கேட்டிருக்கிறீர்கள். இல்லை. வழக்கமாக இருந்தாலும் சட்டம் அதை விடாது.

ஆனால் முதலில் ஒன்றைப் பாருங்கள். வீட்டுக்காரரும் அதே கட்டடத்தில் இருந்து, சமையலறையையோ குளியலறையையோ அவரோடு அல்லது அவருடைய மனைவி, பிள்ளை, பெற்றோரோடு சேர்ந்து பாவிக்கும் ஏற்பாடென்றால் ஸ்கார்பரோ இருக்கும் ஒன்ராறியோ மாகாணத்தின் 2006ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் உங்களைக் காக்காது. புதிதாக வருகிற நம் பிள்ளைகள் வாடகையையும் பஸ்ஸையும் கேட்கிறார்கள், இதைக் கேட்பதில்லை, எனக்கு அதுதான் பெரிய கவலை.

எல்லாம் தனி என்றால் சட்டம் உங்கள் பக்கம். திருத்த வேலைக்கோ, வீட்டைப் பார்வையிடவோ, வாங்க வருபவருக்குக் காட்டவோ அவர் வரலாம், ஆனால் குறைந்தது 24 மணி நேரம் முன்பு காரணம், நாள், நேரம் மூன்றையும் எழுத்தில் தர வேண்டும், அந்த நேரமும் காலை 8 மணிக்கும் இரவு 8 மணிக்கும் இடையில் இருக்க வேண்டும். அப்படி முறையாகத் தந்தால் நீங்கள் மறிக்க முடியாது, நீங்கள் வீட்டில் இல்லாவிட்டாலும் வரலாம். தீ, குழாய் வெடிப்பு மாதிரி அவசரத்துக்கு அறிவித்தல் தேவையில்லை. வாசலில் நின்று கேட்டு நீங்கள் சரி என்று விட்டால் அதுவும் சம்மதம்தான், அதனால் தாட்சண்யத்துக்குத் தலையாட்டாதீர்கள். ஒப்பந்தத்தில் ‘எப்போதும் வரலாம்’ என்று எழுதிக் கையெழுத்து வாங்கியிருந்தாலும் அது செல்லாது.

கோபத்தில் பூட்டை மட்டும் மாற்றிவிடாதீர்கள், அவருடைய சம்மதமில்லாமல் அது உங்கள் மேல் பிழையாகிவிடும். இதுவரை வந்த நாட்களைக் குறித்து, இனி எழுதி அறிவித்துவிட்டு வாருங்கள் என்று மரியாதையாக ஒரு ஈமெயில் போடுங்கள். அதற்குப் பிறகும் வந்தால், சம்பவம் நடந்து ஒரு வருடத்துக்குள் வீட்டுக்காரர், வாடகைக்காரர் பிணக்குகளைத் தீர்க்கும் லேண்ட்லார்ட் அண்ட் டெனன்ட் போர்டில் டி2 என்ற முறைப்பாட்டுப் படிவம் போடலாம், நிறுத்தச் சொல்லியும் வாடகையில் கழிவு கேட்டும்.

வீட்டுக்காரர் நம்ம ஆள், முறையிட்டால் என்னை வெளியே போட்டுவிடுவார் என்று பயப்படுகிறீர்கள், விளங்குகிறது. அவர் நினைத்தபடி போட முடியாது தம்பி. போர்ட் உத்தரவு தர வேண்டும், அந்த உத்தரவு இருந்தாலும் ஷெரிஃப் என்ற நீதிமன்ற அதிகாரிதான் வந்து வெளியேற்றலாம், உரிமையைக் கேட்டதற்குப் பழிவாங்கத்தான் செய்கிறார் என்று தெரிந்தால் போர்ட் உத்தரவே தராது.