14 பேர், ஒரு பாதை: ஒரே வழக்குப் போதுமா?

கேள்வி: தம்பலகாமம் பக்கம் எங்கள் 14 குடும்பத்தின் வயலுக்கும் ஒரே வண்டிப்பாதைதான். பக்கத்துக் காணியை வாங்கியவர் அதை முட்கம்பியால் அடைத்துவிட்டார். எங்களில் மூன்று பேரின் எல்லையையும் தள்ளிப் போட்டிருக்கிறார். சேர்ந்து ஒரே வழக்குப் போடலாமா? ஒருவருடைய காணியின் பங்காளி கனடாவில், கையெழுத்து வைக்கமாட்டாராம். ஒரு தரகர் ஆளுக்கு 7,500 ரூபாவும் வெற்றுத்தாளில் கையெழுத்தும் கேட்கிறார்.

பதில்: அந்தத் தாளில் யாரும் கைவைக்க வேண்டாம். வைத்திருந்தால் இன்றைக்கே போய்த் திருப்பி வாங்குங்கள். வெற்றுத்தாள் நாளைக்குச் சத்தியக் கடதாசியாகும், சமரச ஒப்பந்தமாகும், சில நேரம் காணி விற்ற உடன்படிக்கையும் ஆகும். வழக்கில் உங்களுக்காக ஆஜராகும் சட்டத்தரணியை நீங்களே நேரில் பார்த்து, அவருக்குத்தான் நியமனப் பத்திரத்தில் கையெழுத்து வைக்கவேண்டும். 14 பேரும் தனித்தனியாக வைக்கவேண்டும். தரகர் நடுவில் நின்றால் உங்கள் பணம் சட்டத்தரணியிடம் போய்ச் சேர்ந்ததா என்பதே உங்களுக்குத் தெரியாது.

இனி வழக்கு. இலங்கையின் 1889ஆம் ஆண்டின் 2ஆம் இலக்க குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 11ஆம் பிரிவு, ஒரே வழக்கு மூலத்தில், அதாவது வழக்குக்குக் காரணமான ஒரே விஷயத்தில், உரிமை கோருபவர்கள் சேர்ந்து வரலாம் என்கிறது. ஒரே கம்பி, ஒரே பாதை. ஆகவே பாதைக்கு 14 பேரும் சேரலாம். எல்லை விஷயம் அப்படி அல்ல. மூன்று பேருக்கும் மூன்று உறுதி, மூன்று எல்லை. செய்தவர் ஒருவர் என்பதற்காக அவை ஒரே வழக்கு மூலம் ஆகிவிடாது. சேரக்கூடாதவரைச் சேர்த்ததற்காகவோ சேரவேண்டியவரை விட்டதற்காகவோ வழக்குத் தோற்காது என்று சொல்லும் 17ஆம் பிரிவே, வேறு வேறு வழக்கு மூலங்களைக் கொண்டவர்கள் ஒன்றாக வர இடமில்லை என்றும் சொல்கிறது. செலவைக் குறைக்கலாம் என்று மூன்றையும் பாதையோடு கட்டினால், எதிர்த்தரப்பு அதே ஆட்சேபத்தைப் பிடித்துக்கொண்டு தவணைக்கு மேல் தவணை கேட்கும். ஒரு வண்டிப்பாதையைத் திறக்க நம் நீதிமன்றங்கள் எடுக்கும் காலம் தெரிந்ததுதானே. அதை நீங்களே நீட்டிக் கொடுக்காதீர்கள்.

ஊர்ச் சங்கத்தின் பெயரில் போடலாமே என்பார்கள். சட்டப்படி கூட்டிணைக்கப்படாத சங்கம் வழக்காளி ஆகாது. ஆட்கள் மிக அதிகமென்றால் 16ஆம் பிரிவின்படி சிலர் எல்லாருக்காகவும் வரலாம். அதற்கு முதலில் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும், மற்றவர்களுக்கு உங்கள் செலவில் அறிவித்தலும் போகவேண்டும். 14 பேருக்கு அந்தச் சுற்று வேண்டாம்.

கனடாக்காரர் விஷயத்தில்தான் பெரும்பாலானவர்கள் பயந்து வழக்கையே விட்டுவிடுகிறார்கள். யாரையும் அவரது சம்மதமின்றி வழக்காளியாக்க முடியாது, உண்மை. அதற்காக அவர் கையெழுத்தை வேறொருவர் போட்டுவிடாதீர்கள். அது கள்ளக் கையெழுத்துக் குற்றம். அவர் இருந்தே ஆகவேண்டுமென்றால் எதிராளியாகச் சேர்க்கலாம், அவர் சம்மதிக்காத காரணத்தை வழக்குரையிலேயே எழுதவேண்டும். 'என்னை எதிராளியாக்கிவிட்டார்கள்' என்று அவர் கொதிப்பார். அவரிடம் எதையும் கேட்கவில்லை, தீர்ப்பு அவரையும் கட்டுவதற்காக மட்டுமே சேர்த்தது என்று முன்கூட்டியே கடிதம் எழுதுங்கள். மனம் இருந்தும் வரமுடியாதவர் என்றால் தனக்காக இன்னொருவர் செயற்பட அவர் எழுதிக் கொடுக்கும் அற்றோணித் தத்துவம் போதும்.

அவசரமென்றால் 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவு இருக்கிறது. உங்கள் பகுதி நீதவான் நீதிமன்றத்தில், ஆரம்ப நீதிமன்ற நியாயாதிக்கத்தில், சத்தியக் கடதாசியுடன் போகலாம். பாதை உரிமையும் அதற்குள் வரும். சமாதானம் குலையும் அபாயம் காட்டவேண்டும், அதனால் பொலிஸ் முறைப்பாட்டின் பிரதியை எடுத்து வையுங்கள். பலவந்தமாக உடைமையிலிருந்து வெளியேற்றப்பட்டவர்கள் 2 மாதத்துக்குள் நீதிமன்றம் வரவேண்டும் என்று சொல்லப்படும் கணக்கு பாதைக்கு அப்படியே பொருந்தாது. ஆனாலும் காத்திருக்காதீர்கள். அந்தக் கட்டளை தற்காலிகமானது. முடிவான உரிமையை மாவட்ட நீதிமன்றம்தான் தீர்க்கும்.

அங்கே 10 வருட இடையறாத பாவனையைக் காட்டவேண்டும், பாதை எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்பதை நில அளவையாளரின் படத்தில் கோடாகக் காட்டவேண்டும். 'வயலுக்குக் குறுக்கே நடப்போம்' என்றால் பாதை உரிமை கிடைக்காது. ஒரே வாசகத்தில் 14 சத்தியக் கடதாசி அச்சடிக்க வேண்டாம். ஒருவர் நெல் ஏற்றிய வருடத்தைச் சொல்லட்டும், இன்னொருவர் உழவு இயந்திரம் போனதைச் சொல்லட்டும். சமாதான நீதவான் வாசித்து விளங்கவைத்த பின் அவர் முன்னாலேயே கையெழுத்திடுங்கள். அடையாள அட்டையில் ஒரு பெயரும் உறுதியில் இன்னொரு பெயரும் இருந்தால் 'இன்னார் எனும் இன்னார்' என்று இரண்டையும் எழுதிக் கொடுங்கள்.