கரும்புக் காட்டின் நினைவு

அன்புள்ள ஐயா,

நீங்கள் எழுதிய குறிப்பைப் படித்துவிட்டு கியூபக் கலைஞர் மரியா மக்தலேனா காம்போஸ்-போன்ஸின் படைப்புகளைத் தேடிப் பார்த்தேன். ஒரு இடத்தில் புகைப்படம், இன்னொன்றில் துணி தேய்க்கிற பலகை, அப்புறம் கண்ணாடி, வீடியோ. ஏதாவது ஒன்றில் ஊன்றி நிற்கக் கூடாதா? அடையாளம், நினைவு என்று சொல்லிவிட்டால் எதை வேண்டுமானாலும் கலை என்று வைத்துவிடலாமா?

ர., திருச்சி

அன்புள்ள ர.,

வைக்க முடியாது. அப்படி வைப்பவர்கள் நிறைய இருக்கிறார்கள், அதுவும் உண்மைதான். சுவரில் ஒட்டிய விளக்கத்தை எடுத்துவிட்டால் அவர்கள் கதை முடிந்தது. இவர் அந்த ரகம் இல்லை.

1959-இல் கியூபாவின் மத்தான்சாஸ் மாகாணத்தில் பிறந்தவர். வளர்ந்த லா வேகா ஒரு பழைய கரும்புத் தோட்டம். முன்பு அடிமைகளை அடைத்துவைத்த கொட்டடியில்தான் குடும்பம் குடியிருந்தது. முன்னோரில் ஒரு பக்கம் மேற்கு ஆப்பிரிக்காவின் யொரூபா மக்கள், இன்னொரு பக்கம் சீனர், ஸ்பானியர். கியூபாவில் அடிமை முறை 1886 வரை இருந்தது. அடிமைகளைப் பற்றி எழுத்தில் மிஞ்சியதில் பெரும்பகுதி முதலாளிமார் கணக்கு. அதில் பாட்டிகளின் குரலைத் தேடி என்ன பயன்? அவர்கள் விட்டுப்போனது கைவேலையிலும் வழிபாட்டிலும்தான் இருக்கிறது. அதனால் அது எங்கே கிடைக்கிறதோ, அந்தப் பொருளை இவர் கையில் எடுக்கிறார்.

நீங்கள் பார்த்த பலகைகள் 1998-இல் நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகத்தில் வைத்தவை. இவர் குடும்பத்துப் பெண்கள் தலைமுறை தலைமுறையாக வீட்டுவேலை செய்தவர்கள். தேய்க்கிற பலகைகளை நிமிர்த்தி நிறுத்தி, அவற்றின் மேல் அவர்களுடைய படங்களைப் பதித்தார். இஸ்திரிப் பெட்டிகளைக் கண்ணாடியில் வார்த்து வைத்தார். இதையே எண்ணெய் வண்ணத்தில் தீட்டியிருந்தால் நல்ல ஓவியம் ஒன்று கிடைத்திருக்கும், வேலை செய்த கை காணாமல் போயிருக்கும்.

2010-இல் செய்ததை இன்னும் பெரிதாக மதிக்கிறேன். ஆப்பிரிக்க முக்காலிகள், சீன முக்காலிகள். அவற்றின் மேல் நெட்டுக்குத்தாக ஈட்டிகள். ஈட்டிகளில் கோத்த சர்க்கரைத் தட்டுகளும் கண்ணாடித் தட்டுகளும். வரிசையாக நிற்கும்போது கரும்புக் காடு. சீன முக்காலிக்குக் காரணம் உண்டு: 1847 முதல் கியூபாத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகச் சீனர்கள் வந்து இறங்கினார்கள். (1860-இல் சென்னையிலிருந்து 'ட்ரூரோ' கப்பல் நம்மவர்களைத் தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்குக் கொண்டுபோனதும் கரும்புக்காகத்தான். இதைப் பார்க்கும்போது தமிழ் வாசகன் வெளியாள் இல்லை.)

ஊன்றி நிற்பது பற்றிக் கேட்டீர்கள். இருபதுக்கு இருபத்துநான்கு அங்குலத் தாளில் உடனடியாகப் படம் தரும் பெரிய போலராய்டு கேமராவை இவர் வருடக்கணக்காகப் பயன்படுத்தியிருக்கிறார். 2001-இல் எடுத்த ஒரு படைப்பில் ஏழு தாள்கள். ஒரு பக்கம் இவருடைய அம்மா, எதிர்ப்பக்கம் மகளாக இவரே, நடுத்தாளில் இருவரையும் இணைக்கும் மணிச்சரங்கள். அம்மா இருந்தது கியூபாவில். மகள் அப்போது பாஸ்டனில்; 1991-இல் போனவர். ஒரு உடம்பைப் பல தாள்களில் துண்டாக எடுத்து அடுக்கும்போது விளிம்புகள் சரியாக ஒட்டுவதில்லை. அவர் ஒட்டவைக்கவும் முயல்வதில்லை. புலம்பெயர்ந்தவரின் நிலை பற்றி எழுதப்பட்ட பல கட்டுரைகளைவிட அந்த இடைவெளி எனக்கு அதிகம் சொல்கிறது.

வீடியோக்களை இப்போதைக்கு விடுங்கள், எனக்கே அவற்றில் சில நீளம். போலராய்டுகளிலிருந்து தொடங்குங்கள். கைபேசித் திரையில் வேண்டாம்; தாள்களுக்கு நடுவே உள்ள இடைவெளி அதில் தெரியாது.