சுவர் நனைகிறது, புல் காய்கிறது: ஸ்பிரிங்ளர் கேள்வி பதில்

புல்தரைக்கு ஹன்டர் பிஜிபி என்ற சுழலும் ஸ்பிரிங்ளர் போட்டிருக்கிறோம் அண்ணா. பாதித் தண்ணீர் காம்பவுண்டு சுவரில்தான் அடிக்கிறது. கோணம் மாற்றும் சாவியைத் திருகித் திருகிக் கை வலிக்கிறது.

சாவி, தண்ணீர் சுற்றும் கோணத்தில் ஒரு பக்கத்து எல்லையைத்தான் நகர்த்தும். பிஜிபியில் வலது எல்லை நிலையானது, இடதுதான் நகரும். (ரெயின் பேர்டு 5000 என்ற ஸ்பிரிங்ளர் என்றால் நேர்மாறு.) தண்டு மேலெழும்பியதும் கையால் மெதுவாக வலப்பக்கம், அது நிற்கும்வரை திருப்புங்கள். நின்ற இடம் சுவரை நனைக்கிறதா? அப்படியென்றால் சாவியால் ஒன்றும் நடக்காது. தண்ணீரை நிறுத்தி, மூடியைக் கழற்றி, உள்பாகத்தை அப்படியே வெளியே எடுங்கள். வலது எல்லை புல்லின் ஓரத்துக்கு நேராக வரும்படி திருப்பி வைத்து மூடுங்கள்.

அப்புறம்தான் சாவி. தண்டு வலது எல்லையிலேயே நிற்கட்டும். ஒரு முழுச் சுற்றுக்கு 90 டிகிரி. கடிகாரத் திசையில் திருப்பினால் கோணம் விரியும், எதிர்த்திசையில் சுருங்கும். கடகடவென்று சத்தம் வந்தால் அதற்கு மேல் திருகாதீர்கள்.

தண்ணீர் தெருவரை போகிறது. நாசில் (தண்ணீர் பீய்ச்சும் முனை) மேலே இருக்கும் திருகை முழுக்க இறக்கிவிடலாமா சார்?

வேண்டாம். அது தாரையை உடைத்துத்தான் தூரத்தைக் குறைக்கிறது. கால்வாசி குறைக்கலாம், அதற்கு மேல் போனால் தண்ணீர் தாறுமாறாக விழும். சின்ன நாசில் மாற்றுங்கள். இன்னொன்று, அந்தத் திருகுதான் நாசிலையும் பிடித்துக்கொண்டிருக்கிறது. முழுக்க வெளியே எடுத்துவிட்டுத் தண்ணீரைத் திறந்தால் நாசில் பறந்துவிடும். எங்கள் வீட்டில் அது செம்பருத்திச் செடிக்குள் போய் விழுந்து, அரை மணி நேரம் தேடினேன்.

எல்லா ஸ்பிரிங்ளர் தலைக்கும் ஒரே நாசில். மூலையெல்லாம் சேறு, நடுவில் புல் மஞ்சள். நேரத்தைக் கூட்டவா?

கூட்டினால் மூலையில் நாற்று நடலாம்! கோளாறே "ஒரே நாசில்" என்பதில்தான் இருக்கிறது. மூலைத் தலை கால் வட்டம்தான் சுற்றுகிறது. நடுவில் இருப்பது முழு வட்டம். இரண்டிலும் நிமிடத்துக்கு ஒரே அளவு தண்ணீர் வந்தால், மூலைக்கு நான்கு மடங்கு விழும். அதனால் கால், அரை, முழு வட்டத்துக்கு 1 : 2 : 4 என்ற கணக்கில் நாசில் போட வேண்டும். ரெயின் பேர்டு 5000இல் மூலைக்கு 1.5 எண் நாசில், ஓரத்துக்கு 3, நடுவுக்கு 6 என்று வைத்தால் கணக்குச் சரியாக வரும்.

மாற்றிய பிறகு ஒரே மாதிரி நேர்ச்சுவர் டப்பாக்களை ஏழெட்டு இடத்தில் வைத்து, 15 நிமிடம் ஓடவிட்டு ஸ்கேலால் அளந்து பாருங்கள். ஒரு மி.மீ. என்றால் சதுர மீட்டருக்கு ஒரு லிட்டர். ஒரு டப்பாவில் 2 மி.மீ., இன்னொன்றில் 6 என்றால் வேலை இன்னும் பாக்கி. காற்று அடிக்கும் மாலையில் அளக்காதீர்கள், விடியற்காலைதான் சரி.

மாடித் தொட்டியிலிருந்து லைன் கொடுத்தேன். தரைக்குள்ளிருந்து மேலெழும்பும் பாப்-அப் தலையே தூக்கவில்லை.

பத்து மீட்டர் உயரத்துக்கு ஒரு கிலோ பிரஷர் (சதுர சென்டிமீட்டருக்கு). உங்கள் தொட்டி ஆறு மீட்டரில் இருந்தால் முக்கால் கிலோகூட வராது. சுழலாமல் தெளிக்கும் ஸ்ப்ரே தலைக்கே இரண்டு கிலோ வேண்டும், சுழலும் ரோட்டருக்கு மூன்று. தலையைக் குறை சொல்லிப் பயனில்லை, மோட்டார் வையுங்கள்.

கடலைக்காட்டில் சுத்தியல் மாதிரி டக் டக் என்று அடிக்கும் தெளிப்பான். ஒரு பக்கம் போய் அப்படியே நிற்கிறது. எண்ணெய் விட்டுப் பார்த்தேன்.

எண்ணெய்தான் வினை. மணல் அதில் ஒட்டிக்கொள்ளும். அதற்குத் தண்ணீரே உயவு. கழற்றிச் சுத்தமாகக் கழுவுங்கள். பிறகு கழுத்தில் இருக்கும் இரண்டு கம்பி வளையங்களையும், அவற்றில் இடித்துத் திரும்பும் சின்ன நெம்புகோலையும் பாருங்கள். நெம்புகோல் வளைந்திருந்தாலோ மேலே தூக்கிவிடப்பட்டிருந்தாலோ திரும்பாது.

போர் தண்ணீர் உப்பு. துளையெல்லாம் வெள்ளை படிந்து அடைக்கிறது. ஊசியால் குத்தலாமா தம்பி?

குத்தாதீங்க அக்கா, துளை பெரிதாகிவிடும். நாசிலை ஓர் இரவு வினிகரில் ஊறப்போட்டு, பழைய பல் பிரஷால் தேயுங்கள். அடியில் இருக்கும் சல்லடையையும் மறக்காமல் கழுவுங்கள்.