வேஷம் போட்ட நிருபர்

கேள்வி: ஜெர்மன் பத்திரிகையாளர் குந்தர் வால்ராஃப் பொய்ப் பெயரிலும் வேஷத்திலும் போய்த்தானே பெயர் வாங்கினார்? வாசகரிடம் உண்மை பேச வேண்டியவர் மற்றவர்களிடம் பொய் சொல்வது பத்திரிகை தர்மமா?

பதில்: அவர் யாரிடம் பொய் சொன்னார் என்று முதலில் பாருங்கள். 1977-இல் 'ஹான்ஸ் எஸ்ஸர்' என்ற பெயரில் 'பில்ட்' நாளிதழின் ஹனோவர் அலுவலகத்தில் சேர்ந்தார். அங்கே செய்தி எப்படித் திரிக்கப்படுகிறது என்று கூடவே இருந்து பார்த்துப் புத்தகமாக எழுதினார். 'நான்தான் வால்ராஃப், உங்கள் தில்லுமுல்லுகளைக் காட்டுங்கள்' என்று கேட்டிருந்தால் காபி கொடுத்து வழியனுப்பியிருப்பார்கள். பத்திரிகையின் உரிமையாளரான ஸ்பிரிங்கர் நிறுவனம் வழக்குப் போட்டது. 1984-இல் அரசியல் சாசன நீதிமன்றம், ஆசிரியர் குழுக் கூட்டத்தில் பேசியதை அச்சிட்டது தப்பு என்றது. ஆக, உங்கள் சந்தேகம் நீதிபதிகளுக்கும் இருந்திருக்கிறது.

அப்புறம்தான் 'அலி' என்ற பெயரில் போட்ட வேஷம். 1983-இலிருந்து இரண்டு வருடம் கறுப்பு விக், கருநிற லென்ஸ், கொச்சை ஜெர்மன் என்று துருக்கித் தொழிலாளியாகவே திரிந்தார். டூயிஸ்பர்க்கில் தைசன் உருக்காலைக்கு ஆள் அனுப்பும் ஒப்பந்தக்காரரிடம் கூலிக்குப் போய், முகமூடிகூட இல்லாமல் தூசிக்குள் நின்றார். மருந்துப் பரிசோதனைக்கும் உடம்பைக் கொடுத்தார். கடைசியில் ஆட்களை அணுமின் நிலைய அதிகாரிகளாக நடிக்க வைத்து, கதிர்வீச்சு அபாயமுள்ள வேலைக்குத் துருக்கியர்கள் வேண்டும் என்று அந்த ஒப்பந்தக்காரரிடம் கேட்க வைத்தார். அவரும் சரி என்றார்! 1985-இல் வந்த புத்தகம் லட்சக்கணக்கில் விற்றது, விசாரணைகள் தொடங்கின. இந்தக் கடைசிக் காட்சியில் மட்டும் வால்ராஃப் நிருபராக இல்லை, நாடக இயக்குநராக இருந்தார். எனக்கு நெருடுவது அதுதான், விக் அல்ல.

அவரைக் குத்தியே ஆக வேண்டுமானால் வேறு இடங்கள் இருக்கின்றன. 'பில்ட்' பற்றிய அந்தப் புத்தகத்தை எழுதியதே நான்தான் என்று ஹெர்மன் கிரெம்லிட்சா என்ற பத்திரிகையாளர் 1987-இல் சொன்னார். பெயரை மாற்றிக்கொண்டு வேலைக்குப் போனதைவிட, அடுத்தவர் எழுத்தில் தன் பெயரைப் போட்டார் என்ற புகார் கனமானது. நீங்கள் அதைக் கேட்கவே இல்லை.

2009-இல் உடம்பில் கறுப்புச் சாயம் பூசி, சோமாலியராக நடித்துப் படம் எடுத்தார். எங்கள் அனுபவத்தைச் சொல்ல நாங்கள் இல்லையா என்று ஜெர்மனியின் கறுப்பினத்தவர் கேட்டார்கள். நியாயமான கேள்வி. 1983-இல் துருக்கிக் கூலியிடம் மைக் நீட்ட ஆளில்லை, அதனால் வேஷம் தேவைப்பட்டது. 2009-இல் அந்தச் சாக்கு செல்லாது.