மௌனப் படங்கள் ஏழை, பணக்காரர் வேறுபாட்டை வசனம் இல்லாமல் எப்படிக் காட்டின?

பெரும்பாலும் மாற்றுவெட்டு மூலம்தான். ஒரே காலத்தில் இரண்டு இடங்களில் நடப்பதை மாற்றி மாற்றி ஒட்டிக் காட்டுவதே அது. பழுப்பேறிய வேட்டி தனியாகப் பார்த்தால் வெள்ளையாகத்தான் தெரியும். புது வேட்டிக்குப் பக்கத்தில் வைத்தால்தான் நிறம் புரியும். பேச்சு இல்லாத படத்தில் அந்த 'பக்கத்தில் வைப்பது'தான் வசனத்தின் வேலையைச் செய்தது.

அமெரிக்காவில் டி. டபிள்யூ. கிரிஃபித் 1909-ல் எடுத்த 'எ கார்னர் இன் வீட்' ஒரே ரீல் படம். கோதுமையை மொத்தமாக வளைத்துப்போட்டு விலையேற்றும் வியாபாரியின் கதை. அவன் வீட்டில் ஆடம்பர விருந்து. வெட்டினால் ரொட்டிக் கடை: மாவு விலை ஏறியதால் 5 சென்ட் ரொட்டி இனி 10 சென்ட் என்று ஓர் அட்டை. ரொட்டிக்காக வரிசையில் நிற்கும் ஏழைகள் சிலைபோல அசைவதே இல்லை. விருந்தின் கலகலப்பை அடுத்து வரும் அந்த அசைவின்மைதான் நெஞ்சை அடைக்கிறது. அது ஒட்டிய புகைப்படம் அல்ல, நடிகர்களே அப்படி நின்றார்கள்.

இந்த ஒப்பீட்டைக் கிரிஃபித்தான் தொடங்கினார் என்று பலர் நினைக்கிறார்கள். 1905-லேயே எட்வின் போர்ட்டர் 'தி கிளெப்டோமேனியாக்' படத்தில், திருடிய பணக்காரி விடுதலையாவதையும் ரொட்டி திருடிய ஏழைத்தாய் சிறை போவதையும் காட்டிவிட்டார்.