கவரிங் போட்டு வந்த அக்கா

கேள்வி: எனக்கு வயது 33. ஊர் கடலூர், மஞ்சக்குப்பம். ஜாவர் சீதாராமனைப் போல நடிகனாகவும் எழுத்தாளனாகவும் வர வேண்டும் என்று சிப்காட் வேலையை விட்டு மூன்று வருடம் ஆகிறது. முழுத் திரைக்கதை ஒன்று முடித்துவிட்டேன். சென்னையில் தங்கித் தயாரிப்பாளர்களைப் பார்க்க, அக்கா தன் ஆறு பவுன் ஆரத்தை அடகு வைத்துக் கொடுத்தாள். வட்டியை மாமா கட்டிவிடுகிறார். போன தை மாதம் பண்ருட்டியில் சித்தி மகள் கல்யாணத்துக்கு அக்கா கவரிங்தான் போட்டு வந்தாள். அதிலும் லட்சணமாகவே இருந்தாள். நடுவில் ஒரு சீரியலுக்கு வசனம் எழுதக் கூப்பிட்டார்கள். கதை வேறு ஒருவருடையது என்பதால் மறுத்துவிட்டேன். என் திறமைக்கு எப்போது காலம் வரும்? மனம் தளராமல் இருக்க வழி சொல்லுங்கள்.

பதில்: தம்பி, மனம் தளர்ந்தால் தளரட்டும். மூன்று வருடமாக அது தளராமல் இருந்ததுதான் உங்கள் வீட்டுக்குச் செலவு.

"அதிலும் லட்சணமாகவே இருந்தாள்" என்கிறீர்களே, யாரைச் சமாதானப்படுத்த? கல்யாண மண்டபத்தில் பந்தியில் உட்காரும் முன்பே எது கவரிங், எது தங்கம் என்று பெண்களுக்குத் தெரிந்துவிடும். "ஆரம் எங்கேடி?" என்று நாலு பேராவது கேட்டிருப்பார்கள். அவள் என்ன சொல்லிச் சமாளித்தாள் என்று உங்களுக்குத் தெரியுமா? கேட்டீர்களா? கேட்டிருந்தால் எழுதியிருப்பீர்கள். அது பிறந்த வீட்டில் போட்ட நகையாக இருந்தால், மாமியார் வீட்டில் அவளுக்கு இருந்த மரியாதையிலும் ஒரு பங்கை வங்கிப் பெட்டகத்தில் வைத்துப் பூட்டியிருக்கிறீர்கள். வட்டி கட்டும் மாமாவுக்கோ உங்கள் கடிதத்தில் மூன்றே சொல்தான்.

இனி உங்கள் ஜாவருக்கு வருவோம். எனக்கும் பிடித்தவர்தான். 1954இல் ஏவிஎம் எடுத்த 'அந்த நாள்', பாட்டே இல்லாத படம். கதையும் இயக்கமும் எஸ். பாலச்சந்தர். வசனம் ஜாவர். கொலையைத் துப்பறியும் அதிகாரியும் அவரே. அடுத்தவர் கதைக்கு வசனம் எழுதினால் கௌரவம் குறையும் என்று அவர் நினைத்திருந்தால் அந்தப் படத்தில் அவர் பெயரே இருந்திருக்காது. 1968இல் வந்த 'உயர்ந்த மனிதன்' வங்காளிப் படத்தின் தழுவல். அதையும் தமிழுக்கு எழுதியவர் அவர்தான். 1960இல் 'களத்தூர் கண்ணம்மா' அவருடைய சொந்தக் கதை. ஊர் இன்று அதில் யாரை ஞாபகம் வைத்திருக்கிறது? குழந்தை கமலை! 1967இல் 'பட்டணத்தில் பூதம்' எழுதினார். ஜெய்சங்கர் கதாநாயகன், இவர் பூதம். குமுதத்தில் 'உடல் பொருள் ஆனந்தி' என்று தொடர்கதை வேறு. அடுத்த இதழுக்காக வாசகர்களைக் காக்க வைத்த எழுத்து அது. துப்பறிபவரா, பூதமா, அடுத்தவர் கதையா, வந்த வேலையை எடுத்து அதில் தன் கைத்திறனைக் காட்டியவர். நீங்களோ அவர் பெயரைச் சொல்லிக்கொண்டே, அவர் செய்திருக்கக்கூடிய வேலையைத் தட்டிக் கழித்திருக்கிறீர்கள். அவரைப் போல ஆக வேண்டும் என்றால் அந்தச் சீரியலைத்தான் முதலில் எழுதியிருக்க வேண்டும்.

திரைக்கதை நன்றாக இருக்கலாம். நான் படிக்கவில்லை, அதனால் பேசவில்லை. கூடப் பிறந்தவளின் நகையில் வளரும் கலை எனக்கு ஒப்பாது. பழைய காலத்து மனுஷி என்று சொல்லிக்கொள்ளுங்கள், பரவாயில்லை. உடன்பிறந்தாள் நகையைக் கொடுத்தால் திருப்பித் தருவதற்கு ஒரு நாள் குறித்துவிட்டுத்தான் வாங்க வேண்டும். நீங்கள் குறித்ததாகக் கடிதத்தில் இல்லை.

நாளைக் காலையில் அந்த சீரியல்காரர்களுக்குப் போன் போடுங்கள். ஆள் எடுத்துவிட்டார்கள் என்றால் வேறு யாருக்கு வசனம் வேண்டும் என்று அவர்களையே கேளுங்கள். எதுவுமே கிடைக்கவில்லையா, சிப்காட் கம்பெனி கேட்டுக்குப் போய் நில்லுங்கள். உங்கள் திரைக்கதை ராத்திரி பத்து மணிக்கு மேல் நடக்கட்டும். மாமா இதுவரை கட்டிய வட்டியை ஒரு நோட்டில் எழுதி வாங்குங்கள். அதுவும் உங்கள் கடன்தான். வட்டியை மட்டும் கட்டித் திருப்பி வைத்துக்கொண்டே போனால் அசல் அசையாது. கையில் வரும் முதல் பணத்திலிருந்தே அசலில் கட்ட முடியுமா என்று வங்கியில் கேளுங்கள். மீட்கும் நாளில் அக்காவையும் அழைத்துப் போங்கள். அடகு ரசீது அவள் பெயரில் இருந்தால் அவள் கையெழுத்து இல்லாமல் நகையைத் தர மாட்டார்கள்.