பேர்டி எங்கே போனாள்?

அன்புள்ள ஐயா,

இயக்குநர் ஹிட்ச்காக் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு அவருடைய 'ரியர் விண்டோ'வை மறுபடி பார்த்தேன். நர்ஸாக வரும் தெல்மா ரிட்டர் மனதிலேயே நிற்கிறார். தேடிப் பார்த்தால், சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கருக்கு ஆறு முறை பரிந்துரைக்கப்பட்டும் ஒருமுறைகூட வாங்கவில்லையாம். வேலைக்காரி, அம்மா என்றே வேஷம் கொடுத்து ஹாலிவுட் அவரை வீணடித்துவிட்டது என்று தோன்றுகிறது. சரிதானா?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

முதலில் அந்தச் சொல். நம்மூரில் துணை நடிகை என்றால் கூட்டத்தில் நிற்பவர். ரிட்டர் செய்தது குணச்சித்திரம். ஆரம்பித்தது என்னவோ கூட்டத்தில்தான். 1947இல் 'மிராக்கிள் ஆன் தேர்ட்டி ஃபோர்த் ஸ்ட்ரீட்' படத்தில், மகன் கேட்ட பொம்மைத் தீயணைப்பு வண்டி கிடைக்காமல் கால் கடுக்க அலைந்து மேசிஸ் கடைக்கு வந்து சேரும் தாய். டைட்டிலில் பெயர்கூடக் கிடையாது. அப்போது அவருக்கு வயது 45.

அப்புறம் நடந்தது வேகம். 1950 முதல் 1953 வரையிலான படங்களுக்குத் தொடர்ந்து நான்கு பரிந்துரைகள், பிறகு 1959, 1962. பரிசு வராததில் எனக்குப் பெரிய வருத்தமில்லை. வேலைக்காரி வேஷம்தான் அவரை வீணடித்தது என்பதையும் நான் ஏற்கமாட்டேன். 'ரியர் விண்டோ'வின் ஸ்டெல்லாவையே பாருங்கள். வாய் பேசிக்கொண்டிருக்கும், கை எண்ணெய் தேய்த்துக்கொண்டிருக்கும். 1929 பங்குச்சந்தைச் சரிவு தனக்கு முன்பே தெரியும் என்கிறாள். ஜெனரல் மோட்டார்ஸ் இயக்குநர் ஒருவருக்கு அவள்தான் அப்போது நர்ஸ். ஆள் ஒரு நாளைக்குப் பத்து முறை கழிப்பறைக்கு ஓடினார். டாக்டர்கள் சிறுநீரகக் கோளாறு என்றார்கள். இவள் பயம் என்றாள். படுக்கைக்குப் பக்கத்தில் நின்று வேலை செய்கிறவளுக்குத்தான் இது தெரியும். (இந்தப் படத்துக்குப் பரிந்துரைகூட வரவில்லை. ஆனால் 1955இல் நடந்த ஆஸ்கர் விழாவின் நியூயார்க் பகுதியைத் தொகுத்து வழங்கியவர் ரிட்டர்தான்!)

என் குறை வேறு. 'ஆல் அபவுட் ஈவ்' படத்தில் நாடக நடிகையாக வரும் பெட்டி டேவிஸின் உதவியாளர் பேர்டியாக வருகிறார். அந்த நடிகையின் ரசிகை என்று வந்து சேரும் ஈவ் கண்ணீரும் கம்பலையுமாகத் தன் கதையைச் சொல்லும்போது அறையில் எல்லோரும் உருகுகிறார்கள். இவள் ஒருத்திக்குத்தான் மூக்கில் வியர்க்கிறது. தன் சந்தேகத்தை முதலாளியம்மாவிடம் சொல்லியும் பார்க்கிறாள். படத்தில் வரும் பார்ட்டிக் காட்சிக்குப் பிறகு ஆளையே காணோம். அவள் சொன்னதெல்லாம் பலிக்கும்போது அவள் படத்தில் இல்லை. ஏன் போனாள் என்று ஒரு வசனம்கூடக் கிடையாது. வீணடிப்பு என்றால் நான் இதைத்தான் சொல்வேன்.

இதற்கு மாற்று சாமுவேல் ஃபுல்லர் எடுத்த 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்', 1953. முடிவு தெரியக்கூடாது என்றால் இங்கேயே நிறுத்திவிட்டுப் படத்தைப் பாருங்கள். இதில் ரிட்டர் கழுத்து டை விற்கும் கிழவி மோ. உண்மையான வருமானம் போலீஸுக்குத் துப்பு விற்பதில். அந்தக் காசை எதற்குச் சேர்க்கிறாள் தெரியுமா? அநாதைப் பிணங்களோடு பாட்டர்ஸ் ஃபீல்டில் புதைத்துவிடாமல், சொந்தமாக ஒரு கல்லறைக்கு. ஓர் இரவு களைத்துப்போய் அறைக்கு வருகிறாள், கிராமபோனில் பாட்டு வைக்கிறாள், உள்ளே துப்பாக்கியோடு ஒருவன். ஸ்கிப் என்ற பிக்பாக்கெட்டின் விலாசம் வேண்டும் அவனுக்கு. காசுக்கு அதே ஸ்கிப்பைப் போலீஸிடம் சொன்னவள்தான், இவனிடம் வாய் திறக்கவில்லை. பயத்தைவிட அலுப்புதான் தெரிகிறது அந்த முகத்தில். கேமரா விலகிப் போகிறது, வெடிச் சத்தம் மட்டும் கேட்கிறது.

படம் அவளை அங்கே விட்டுவிடவில்லை. பாட்டர்ஸ் ஃபீல்டுக்குப் போகும் படகில் மற்றப் பெட்டிகளோடு அவள் பெட்டியும் ஏறிவிட்டது. ஸ்கிப் வந்து அதைக் கேட்டு வாங்கிக்கொண்டு போகிறான்.